கொசுறுக்கு ஒரு சாட்சி

எனக்குப் பொறாமை உண்டு. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பாதிக் கதையில் நீங்களாகக் கண்டுபிடித்து, "ஆசாமிக்கு வயிற்றெரிச்சல்" என்று முகம் சுளிக்க வேண்டாம். பக்கத்து மேசைக்காரனுக்கு மின்விசிறிக் காற்று கொஞ்சம் கூடுதலாக வந்தாலே எனக்குப் பொறுக்காது. அந்தப் பக்கத்து மேசையில் மூன்று வருடத்துக்கு முன் ஒருவன் வந்து உட்கார்ந்தான். அன்றிலிருந்து எனக்கு மாத்திரை இல்லாமல் சாப்பாடு செரிப்பதில்லை.

நாங்கள் வேலை செய்வது அகராதி அலுவலகத்தில். ஒரு துறையை எடுத்துக்கொள்வோம். அதில் உள்ள ஒவ்வொரு அயல்சொல்லுக்கும் பொருள், அது பிறந்த கதை, தமிழில் அதற்கு ஒரு சொல், அந்தச் சொல் புழங்கும் ஒரு வாக்கியம் என்று எழுதி முடிப்போம். இந்த வருடம் தருக்கவியல். இருபத்தாறு வருடமாக நான் புத்தகத்துக்குள் தலையைக் கொடுத்துச் சொல் தேடுகிறவன். அவன் அப்படி இல்லை. காலையில் கையெழுத்துப் போடுவான், சட்டைப்பையில் வெற்று அட்டைகளைச் செருகிக்கொள்வான், வெளியே போய்விடுவான். பேருந்து நிறுத்தம், மருத்துவமனை வரிசை, பழக்கடை என்று எங்கே நாலு பேர் பேசினாலும் பக்கத்தில் போய் நின்றுகொள்வான். அலுவலகத்தில் அவனுக்குப் 'பாம்புச்செவி' என்று பெயர் வைத்தார்கள். கேலிக்கு வைத்த பெயர்தான். மூன்றே மாதத்தில் அது பாராட்டாகிவிட்டது. அதற்கும் எனக்கு எரிந்தது. இருபத்தாறு வருடத்தில் எனக்கு ஒரு பட்டப்பெயர்கூட யாரும் வைக்கவில்லை.

வெள்ளிக்கிழமைதோறும் பதிப்பாசிரியர் மேடத்தின் அறையில் கூட்டம். அந்த வாரம் என் பங்குக்கு வந்தது 'கொரோலரி' என்ற சொல். நாலு நாள் உட்கார்ந்து உழைத்திருந்தேன். தொண்டையைச் செருமிக்கொண்டு வாசித்தேன்.

"ஒரு முடிபை நிறுவிவிட்டால், தனியாக நிறுவ வேண்டிய அவசியம் இல்லாமல் அதனோடு சேர்ந்தே வந்துவிடும் இன்னொரு முடிபு. முக்கோணத்தின் மூன்று கோணங்களும் சேர்ந்தால் இரண்டு செங்கோணம் என்று நிறுவியாகிவிட்டது. அப்படியானால் ஒரே முக்கோணத்துக்குள் இரண்டு செங்கோணம் இருக்கவே முடியாது. இதற்கு வேறு நிரூபணம் தேவையில்லை. இதுவே கொரோலரி."

மேடம் தலையசைத்தார். எனக்கு உற்சாகம் பிறந்தது. அடுத்து சொல் பிறந்த கதைக்கு வந்தேன். அதுதான் என் சரக்கு.

"லத்தீனில் 'கொரோல்லா' என்றால் சின்ன மாலை. மேடையில் நன்றாக நடித்தவனுக்குப் பேசிய கூலிக்கு மேல் ஒரு சின்ன மாலையும் கொடுத்து அனுப்புவார்கள். கூலிக்கு மேலே சும்மா கொடுக்கிற எதற்கும் 'கொரோல்லாரியம்' என்ற பெயர் அதிலிருந்து வந்தது. பிற்காலத்தில் தருக்கம் எழுதியவர்கள் அதை எடுத்துக்கொண்டார்கள். நிறுவியதற்கு மேலே, சும்மா கிடைக்கிற முடிபு."

"அழகா இருக்கே," என்றார் மேடம். "தமிழ்ல என்ன போடறீங்க?"

"கிளைமுடிபு," என்றேன், நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு.

மேடம் பேனாவை எடுத்தார். அந்த நேரம் பார்த்துப் பாம்புச்செவி கையைத் தூக்கினான்.

"மேடம், கொசுறு."

தட்டச்சு அக்கா கொல்லென்று சிரித்தாள். நானும் சிரித்தேன், நிம்மதியாக. பையன் சறுக்கிவிட்டான் என்று நினைத்தேன்.

"சிரிக்காதீங்க அக்கா. சார் இப்போதானே சொன்னார், பேசின கூலிக்கு மேல சும்மா கொடுக்கறதுன்னு? கடையில அதுக்கு என்ன பேரு? கொசுறுதானே? அதோட, நாமளா புதுசா ஒட்டவும் வேண்டியதில்லை மேடம். ஏற்கெனவே இந்த அர்த்தத்துல பேசறாங்க. நானே கேட்டேன்." பையிலிருந்து ஒரு அட்டையை எடுத்து வாசித்தான். "'அவ பிள்ளைக்கு ஜுரம்னு தெரிஞ்சாச்சு. அவ இன்னைக்கு வேலைக்கு வரமாட்டாங்கறது கொசுறு. அதுக்கு வேற போன் போட்டுக் கேட்கணுமா?'"

அறையில் யாரும் சிரிக்கவில்லை. எனக்குத் தெரிந்துவிட்டது. சொல் வந்து கச்சிதமாக உட்கார்ந்துவிட்டது. 'கிளைமுடிபு' நான் செய்த சொல், கொசுறு உயிரோடு இருக்கிற சொல். தப்பான சொல்லாக இருந்திருந்தால் எனக்கு ஒன்றும் ஆகியிருக்காது. சரியான சொல், அதுவும் என் ஆராய்ச்சியை வைத்தே என்னை அடித்த சொல் என்பதுதான் உள்ளே போய்ச் சுட்டது. என் விரலை எடுத்து என் கண்ணையே குத்திவிட்டான்.

"கடைத்தெருப் பேச்சைக் கொண்டுவந்து தருக்கத்துல வைக்கலாமா மேடம்? நாளைக்கு ஒரு மாணவன் இதைப் பார்த்தா நம்மளைப் பத்தி என்ன நினைப்பான்?"

"கொரோல்லாரியம் மட்டும் என்ன சார், கூத்து மேடையில இருந்து வந்ததுதானே?" என்றான் பாம்புச்செவி. திமிராகச் சொன்னாலாவது சண்டை போடலாம். அவன் மரியாதையாகத்தான் சொன்னான். அவனிடம் எனக்குப் பிடிக்காததே அதுதான்.

மேடம் வாய்விட்டுச் சிரித்தார். பிறகு என்னைப் பார்த்து, "விதி இருக்கே. பேச்சுச் சொல்லுன்னா இன்னொருத்தர் போய்ச் சரிபார்க்கணும். உங்களுக்குத்தானே ஆட்சேபணை? நீங்களே போங்க. திங்கட்கிழமை காலையில படிவம் என் மேசையில இருக்கணும்," என்றார்.

சரிபார்ப்பு விதி எங்கள் அலுவலகத்தில் கறாரானது. பேசியவரிடம் போக வேண்டும். சொல்லை நாம் வாயில் எடுக்கக் கூடாது, ஜாடையாக எடுத்துக்கொடுக்கவும் கூடாது. பேச்சோடு பேச்சாக அவர் வாயிலிருந்து அது தானே விழ வேண்டும். விழுந்தால் முழு வாக்கியத்தையும் ஒரு எழுத்து மாறாமல் எழுதி அவருக்கே வாசித்துக் காட்ட வேண்டும். விழாவிட்டால் படிவத்தில் 'உறுதியாகவில்லை' என்ற கட்டத்தில் ஒரு டிக். அந்த டிக் விழுந்தால் கொசுறு குப்பைக்கு, கிளைமுடிபு அச்சுக்கு. ஒரே ஒரு டிக். எனக்கு வாயெல்லாம் பல்.

பாம்புச்செவி அட்டையை என் கையில் கொடுத்தான். எங்கள் அட்டைகளில் யார் பெயரும் இருக்காது. தொழில், வயது, இடம், அவ்வளவுதான். கடைசி வரியைப் படித்தேன்.

'பொத்தான் கடை அம்மா. ஐம்பது வயது இருக்கும். கடைத்தெரு, மாடிப்படிக்குக் கீழே உள்ள கடை.'

கடைத்தெருவில் மாடிப்படிக்குக் கீழே ஒரே ஒரு பொத்தான் கடைதான் இருக்கிறது. அந்தக் கடையில் இருக்கிற அம்மா என் மனைவி.

அலுவலகத்தில் இது யாருக்கும் தெரியாது. வீட்டில் என்ன செய்கிறார்கள் என்று யாராவது கேட்டால் "சின்னதா ஒரு தொழில்" என்று பேச்சை மாற்றிவிடுவேன். சொல்லாராய்ச்சி செய்கிற மனிதனின் மனைவி பொத்தான் விற்கிறாள் என்று சொல்ல எனக்கு ஒரு மாதிரியாக இருந்தது. வெட்கமாகத்தான் இருந்தது, ஒப்புக்கொள்கிறேன்.

மாலை ஐந்தரைக்கு எல்லோரும் கிளம்பினார்கள். நான் மட்டும் அட்டை அறைக்குப் போனேன். பேசியவர் வாரியாக அடுக்கிய இழுப்பறை ஒன்று உண்டு. 'பொ' எழுத்தில் விரலை ஓட்டினேன். பொட்டலம் கட்டுபவர், பொம்மை செய்பவர், பொத்தான் கடை அம்மா. ஒரு அட்டை இருக்கும் என்று இழுத்தேன். கற்றையாக வந்தது. எண்ணினேன். பத்தொன்பது.

என் மனைவி என்னிடம் ஒரு நாளைக்கு நாலு வாக்கியம் பேசுவாள். சாப்பாடு எடுத்து வெச்சிருக்கேன். கேஸ் தீர்ந்துடுச்சு. கதவைச் சாத்திக்கோங்க. நாளைக்கு நேரமாகும். இந்தப் பயலிடம் பத்தொன்பது அட்டை பேசியிருக்கிறாள்! நின்றபடியே படித்தேன். கால் வலித்தது, உட்காரத் தோன்றவில்லை.

'மெனக்கெடு' என்ற சொல்லுக்கு எழுதியிருந்தான்: 'ஒரே ஒரு பொத்தானுக்காக இவ்வளவு தூரம் மெனக்கெட்டு வந்திருக்கீங்களே தம்பி, உட்காருங்க.' உட்காருங்களாம். தம்பியாம்.

'சாயம்போ' என்ற சொல்லுக்கு: 'இந்த நூல் நல்லாத்தான் இருக்கும். சாயம்போற அன்னைக்குத்தான் அது யாருன்னு தெரியும், மனுஷங்க மாதிரியே.' இவ்வளவு அழகாகப் பேசுவாளா இவள்? எப்போதிலிருந்து?

அடுத்து 'ஒப்புக்கு' என்ற சொல். 'எங்க வீட்டுக்காரர் நான் என்ன சொன்னாலும் ஒப்புக்கு உம் கொட்டுவார். நான் பேசறதை நிறுத்தின பிறகும் ரெண்டு உம் வரும்.'

பாம்புச்செவி அதை அவனுடைய குண்டு எழுத்தில் எழுதி, பக்கத்தில் 'மிக நல்ல வாக்கியம்' என்று பென்சிலால் குறித்திருந்தான். அந்த வீட்டுக்காரர் நான்தான் என்று அவனுக்குத் தெரியாது. என் வீட்டுப் பேச்சு, என் பெண்டாட்டியின் குரல், என் மானம், எல்லாம் அவன் கையெழுத்தில் இழுப்பறைக்குள் கிடந்தன. அவன் மட்டும் அந்த நேரத்தில் எதிரே வந்திருந்தால் கன்னத்தில் ஒன்று விட்டிருப்பேன்.

அன்று சாப்பாட்டு மேசையிலேயே சரிபார்ப்பு வேலையை ஆரம்பித்தேன்.

"நாளைக்கு மழை வந்தா கடைக்கு ஆள் வருமா?"

"எங்க வரும்?"

"ஆள் வராதுன்னு தெரிஞ்சாச்சு. அப்போ வியாபாரம் இல்லைங்கறது..." என்று இழுத்துவிட்டு அவள் வாயையே பார்த்தேன்.

"இல்லைங்கறது?"

"அதான், இல்லைங்கறது?"

"இல்லைங்கறது இல்லைங்கறதுதான். என்ன ஆச்சு உங்களுக்கு?" எழுந்து வந்து என் நெற்றியில் புறங்கையை வைத்துப் பார்த்தாள். "சூடு இல்லையே."

விடவில்லை. குழாய் ரிப்பேர்காரரை இழுத்தேன், மேல்வீட்டு மாமியை இழுத்தேன், சாவி தொலைந்தால் பூட்டு என்ன ஆகும் என்றுகூடக் கேட்டேன். எல்லாவற்றுக்கும் ஒரு வார்த்தையில் பதில் சொன்னாள். கடைசியில், "படிச்சது போதும், போய்ப் படுங்க," என்று தட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

எனக்குச் சந்தோஷமாக இருந்திருக்க வேண்டும். சொல் விழவில்லை, டிக் போடலாம். ஆனால் அவனிடம் தாராளமாகச் சொன்னதை என்னிடம் சொல்லவில்லையே என்று அதற்கும் பற்றிக்கொண்டு வந்தது. விழுந்தால் தோற்பேன். விழாவிட்டால் அதைவிடக் கேவலமாகத் தோற்பேன். போர்வையை இழுத்துவிட்டுக்கொண்டு உத்தரத்தைப் பார்த்தபடி கிடந்தேன்.

மறுநாள் சனிக்கிழமை, எனக்கு விடுமுறை. படிவத்தை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு கடைக்குப் போனேன். நான் அந்தக் கடைக்குள் கால் வைத்து நாலைந்து வருடம் இருக்கும். மாடிப்படிக்குக் கீழே முக்கோணமாக ஒரு இடம். உள்ளே போகப் போகக் குனிய வேண்டும். சுவர் முழுக்கச் சின்னச் சின்னப் பெட்டிகள், ஒவ்வொன்றின் முகப்பிலும் உள்ளே இருக்கிற பொத்தானில் ஒன்று தைத்திருந்தது. நூல்கண்டுகள் வெளுப்பிலிருந்து கருப்பு வரை நிறம் பிசகாமல் வரிசையாக இருந்தன. என் அட்டை இழுப்பறைகூட இத்தனை ஒழுங்காக இருக்காது. அதையும் மனத்தில் குறித்து எரிந்துகொண்டேன்.

"என்னங்க, வழி தவறி வந்துட்டீங்களா?"

"சும்மா வந்தேன்." ஸ்டூலில் உட்காரப் போனேன்.

"அதுல உட்காராதீங்க, அது வாடிக்கைக்காரங்களுக்கு."

நின்றேன். ஒரு பெண் ஒரு கோட்டைத் தூக்கிக்கொண்டு வந்தாள், அதில் ஒரு பொத்தான் மட்டும் தொலைந்துவிட்டதாம். என் மனைவி கோட்டை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள். பெட்டியைப் பார்க்காமலேயே கையை நீட்டி அதே பொத்தானை எடுத்தாள். எடுக்கும்போதே பேசினாள். அந்தப் பெண்ணின் மாமியாரைப் பற்றிக் கேட்டாள், அவள் சொன்ன பதிலுக்கு ஒரு போடு போட்டாள், அந்தப் பெண் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். இவள் சிரிக்கும்போது வலது கன்னத்தில் ஒரு குழி விழும். அது இருப்பதையே நான் மறந்திருந்தேன். பார்த்துக்கொண்டு நின்றேன், யார் வீட்டுக் கல்யாணத்திலோ அழைக்காமல் போய் நிற்கிற மாதிரி.

அந்தப் பெண் போனதும் மெல்லக் கேட்டேன்.

"ஒரு பையன் இங்க வருவானாமே?"

"ஆமா, ஒரு தம்பி வருவார். சட்டையில ஒரு பொத்தான் அறுந்துச்சுன்னா ஒரு பொத்தான் வாங்கிட்டுப் போவார்." அவள் நூலைக் கட்டையில் சுற்ற ஆரம்பித்தாள். "வாரத்துக்கு ஒண்ணு அறுந்துடும் பாவம். தானே அறுத்துக்கிட்டு வரார்னு நினைக்கறேன்."

"உனக்கு அது வேடிக்கையா இருக்கா?"

"இருக்கே."

"அவன் என் ஆபீஸ். என் பக்கத்து மேசை."

"தெரியும். முதல் நாளே சொல்லிட்டார், நான் இந்த மாதிரி அகராதி வேலை பார்க்கறேன், நீங்க பேசறதை எழுதிக்கலாமான்னு. எழுதினதை வாசிச்சும் காட்டுவார்."

"நான் யாருன்னு அவன்கிட்ட சொன்னியா?"

"சொல்லலை."

"ஏன்?"

"சொன்னா, 'சாரோட சம்சாரம்'னு மரியாதைக்கு ஸ்டூல்ல உட்கார்ந்து கேட்பார். இப்போ என் பேச்சுக்காக வந்து கேட்கறார். எது நல்லா இருக்கு, நீங்களே சொல்லுங்க?"

எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. கடை என்றும் பார்க்கவில்லை, தெரு என்றும் பார்க்கவில்லை.

"பத்தொன்பது அட்டை! நான் எண்ணினேன். வீட்டுல வாயைத் திறந்தா முத்து உதிர்ந்துடும்னு இருக்கே. இங்க எவனோ ஒருத்தன்கிட்ட மடை திறந்த மாதிரி பேசறே. நூலைப் பத்திப் பேசறே, மனுஷங்களைப் பத்திப் பேசறே, என்னைப் பத்தியும் பேசறே! எனக்கு ஏன் ஒண்ணும் சொல்லலை? எத்தனை வருஷமா நீ என்கிட்ட பேசறதே இல்லே, தெரியுமா உனக்கு?"

அவள் பதற்றப்படவில்லை. நூல் சுற்றுவதையும் நிறுத்தவில்லை.

"நீங்க கேட்கறதில்லைன்னு எப்பவோ முடிவாயிடுச்சு. நான் பேசறதில்லைங்கறது கொசுறு. அதுக்கு வேற தனியா விளக்கம் சொல்லணுமா?"

விழுந்துவிட்டது!

அந்த நொடியில் நான் செய்ததை என்னைப் போன்ற ஆட்கள்தான் செய்வார்கள். சண்டையை மறந்தேன், பாம்புச்செவியை மறந்தேன், தோற்றுவிட்டேன் என்பதைக்கூட மறந்தேன். பேசியவர் வாயிலிருந்து, கேட்காமல், எடுத்துக்கொடுக்காமல், முழு வாக்கியத்துக்கு நடுவே, தருக்கம் சொல்கிற அதே பொருளில் சொல் வந்து விழுந்திருக்கிறது. இருபத்தாறு வருடத்தில் இப்படி ஒன்று என் காதில் விழுந்ததே இல்லை. கை தானாகப் பைக்குள் போயிற்று. படிவத்தைப் பொத்தான் பெட்டியின் மேல் விரித்து எழுதினேன். 'எப்பவோ'வை விடவில்லை, 'வேற'யை விடவில்லை. எழுதும்போது நான் சிரித்துக்கொண்டிருந்தேன் என்று நினைக்கிறேன்.

அவள் நூலைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வாசிச்சுக் காட்டணும்," என்றேன். "விதி."

"தெரியும். வாசிங்க."

வாசித்தேன். "'நீங்க கேட்கறதில்லைன்னு எப்பவோ முடிவாயிடுச்சு. நான் பேசறதில்லைங்கறது...'"

அங்கே என் குரல் நின்றுவிட்டது. முதல் தடவை அவள் சொன்னபோது நான் சொல்லை மட்டும்தான் கேட்டிருந்தேன். இப்போதுதான் அவள் என்ன சொன்னாள் என்று கேட்டது.

"மிச்சத்தையும் வாசிங்க," என்றாள்.

வாசித்தேன். என் காதுக்கே எட்டாத குரலில் வாசித்தேன்.

"சரியா எழுதியிருக்கீங்க. ஒரு எழுத்து மாறலை." நூல்கட்டையை மறுபடி கையில் எடுத்தாள். "அச்சுல வருமா இது?"

"வரலாம்."

"வந்தா எனக்கு ஒரு புத்தகம் வேணும். உங்களுக்குக் கொடுக்கறதுல பங்கு வேண்டாம், எனக்குத் தனியா. நான் சொன்னது எங்கயாவது ஒரு இடத்துல அப்படியே நிக்கணும்னு ஆசையா இருக்கு."

"சரி," என்றேன். நிகண்டு நிகண்டாகப் படித்த மனிதன், ஒரு 'சரி'தான் வந்தது.

ஞாயிற்றுக்கிழமை முழுவதும் அந்தப் படிவம் என்னைப் படுத்தி எடுத்தது. திங்கட்கிழமை மேடம் அந்த வாக்கியத்தை எல்லோர் முன்னும் உரக்க வாசிப்பார். அகராதி வந்தால் ஊரே வாசிக்கும். என்னிடம் இன்னொரு வெற்றுப் படிவம் இருந்தது. அதில் 'உறுதியாகவில்லை' என்று ஒரு டிக் போட்டால் போதும். அவமானத்திலிருந்து தப்பலாம், என் கிளைமுடிபு அச்சில் ஏறும், பாம்புச்செவியின் மூக்கு உடையும். மூன்று லாபம். மேசையில் உட்கார்ந்து டிக்கும் போட்டேன். மை காயும் வரை ஊதினேன்.

சமையலறையில் அவள் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். அங்கே போய் வாசலில் நின்றேன். ஏதாவது பேசுவாளா என்று நின்றேன். பேசவில்லை. எப்படி ஆரம்பிப்பது என்று எனக்குப் பிடிபடவில்லை. புத்தகம் வேண்டும் என்று கேட்டாளே, அது மட்டும் காதில் நின்றுகொண்டே இருந்தது. இத்தனை வருடத்தில் அவள் எனக்கு இது வேண்டும் என்று வாய்விட்டுக் கேட்டது வேறு எதுவும் எனக்கு ஞாபகம் வரவில்லை. கேட்டிருப்பாள். நான் உம் கொட்டியிருப்பேன்.

திங்கட்கிழமை இரண்டு படிவங்களையும் பையில் வைத்துக்கொண்டுதான் அலுவலகத்துக்குப் போனேன். மேடத்தின் கதவு வரைக்கும் எதைக் கொடுப்பேன் என்று எனக்கே நிச்சயம் இல்லை. மேடம் கையை நீட்டினார். டிக் போட்டதைப் பைக்குள்ளேயே அழுத்திக் கசக்கினேன். மற்றதை எடுத்துக் கொடுத்தேன்.

மேடம் எல்லோரையும் கூப்பிட்டு உரக்க வாசித்தார். வாசித்து முடித்ததும் தட்டச்சு அக்கா, "அய்யோ," என்றாள். மேடம் இன்னொரு தடவை தனக்குள் படித்துக்கொண்டார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"முக்கோணத்தை எடுத்துடலாம். எடுத்துக்காட்டுக்கு இதுவே போதும்," என்றார். பேனாவை எடுத்து என் கிளைமுடிபின் மேல் ஒரு கோடு போட்டார். பக்கத்தில் கொசுறு என்று எழுதி வட்டம் போட்டார்.

நான் பாம்புச்செவியைப் பார்த்தேன். குதிப்பான் என்று நினைத்தேன். அவன் குதிக்கவில்லை. மேடத்தின் கையில் இருந்த படிவத்தையே வெறித்துக்கொண்டிருந்தான். அந்தப் பார்வை எனக்கு நன்றாகத் தெரியும். மூன்று வருடமாக அவன் அட்டைகளை நான் பார்க்கிற பார்வை அது.

"சார், மனசுல ஒண்ணு வெச்சு வெளியில ஒண்ணு பேச எனக்கு வராது. எனக்கு உங்க மேல பொறாமையா இருக்கு. அந்த அம்மாகிட்ட ரெண்டு வருஷமா போய் உட்கார்ந்திருக்கேன். எனக்கு இப்படி ஒரு வாக்கியம் வாய்க்கவே இல்லை. நீங்க ஒரே நாள்ல வாங்கிட்டீங்க. எப்படி சார்?"

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். இருபத்தாறு வருடத்தில் யாராவது ஒருவர் என்னைப் பார்த்து இப்படிச் சொல்ல மாட்டார்களா என்று நான் ஏங்கிய வார்த்தை அது.

"ஒரே நாள் இல்லப்பா," என்றேன். "அந்த அம்மா என் பெண்டாட்டி. இருபத்தெட்டு வருஷமா அவ பேசினது எதையும் நான் கேட்கலை. அப்படித்தான் கிடைச்சது."